ஏழாம் தீவுக்கு அனுப்பிய வெளிச்சம்

கல்முனையில் எங்கள் வீட்டுக்கும் கடலுக்கும் நடுவில் நாலைந்து வளவுகள்தான். அந்தக் கடலில் தோணிகள் கண்ணுக்கு மறைகிற இடத்துக்கும் அப்பால் ஏழு தீவுகள் இருக்கின்றன என்று எனக்குச் சொன்னவர் காக்கா, என் அண்ணன். அப்போது எனக்கு எட்டு வயது, அவருக்குப் பதின்மூன்று. நான் இரண்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள். ஆனாலும் அந்த ஏழு தீவுகளையும் இன்றைக்கும் வரிசை பிசகாமல் சொல்லுவேன். படித்த என் பிள்ளைகளுக்கு அது ஏலாது.

காக்காவுக்குச் சின்னமுத்து அம்மை போட்டிருந்தது. உடம்பெல்லாம் சிவந்து, கண் இரண்டும் வீங்கிப் பீளை கட்டிக் கிடந்தார். வாப்பா வேளாண்மை வெட்டுக்காக வயலிலேயே ஓலை வாடி போட்டுத் தங்கியிருந்தார். உம்மா கூப்பிட்டு வந்த பரிசாரியார் நாடி பார்த்தார். பத்து நாளைக்கு வெளிச்சமே படக் கூடாது, பட்டால் கண் போய்விடும் என்று சொல்லிவிட்டுப் போனார். உம்மா அந்த அறை ஜன்னலைச் சாத்தி, உள்பக்கம் நெல்லுச் சாக்கை ஆணியடித்துத் தொங்கவிட்டார். கதவுக்கும் ஒரு சாக்கு. விளக்கும் உள்ளே போகாது. கஞ்சியை இருட்டில் தடவித் தடவித்தான் ஊட்டினார். என்னை உள்ளே விடவே இல்லை.

நான் பின்பக்கம் ஜன்னலுக்கு வெளியே போய் நிற்பேன். பலகையில் விரல் அகலத்துக்கு ஒரு வெடிப்பு இருந்தது. சாக்கை ஒதுக்கிவிட்டு, அதில் வாயை வைத்துத்தான் காக்கா அந்தத் தீவுகளைச் சொன்னார்.

அங்கே எல்லாமே வெளிச்சம்தான். முதலாம் தீவில் விருந்தாளி வந்தால், தண்ணீர் கொடுக்க முன்னம் முகத்துக்கு வெயில் பிடிப்பார்களாம்.

"அப்ப அவங்க ஸலாம் சொல்ல மாட்டாங்களா?"

"சொல்லாம என்ன? ஸலாம் சொல்லிப்போட்டுத்தான் வெயில் புடிப்பாங்க."

மூன்றாம் தீவில் பெண்பிள்ளைக்குச் சீதனமாக முழு வீடு இல்லை. வீட்டின் கிழக்குப் பக்கத்தை மட்டும், காலை வெயிலோடு சேர்த்து எழுதிக் கொடுப்பார்கள்.

"ஒனக்கு வாப்பா மேற்குப் பக்கம்தான் தருவாரு. பின்னேர வெயில்ல வெந்து கிட."

"போங்க காக்கா!"

ஏழு தீவுக்கும் பொதுவாக ஒரு சட்டம் இருந்தது. ஒவ்வொரு நாள் உச்சியிலும் ஒரு தீவார் அடுத்த தீவாருக்குக் கண்ணாடியால் வெளிச்சம் அனுப்ப வேண்டும். கிடைத்தவர்கள் தட்டிப் பதில் சொல்ல வேண்டும். வெளிச்சம் போய்ச் சேராத தீவு கடலுக்குள் அமிழ்ந்துவிடும்.

"இந்த அறதான் ஏழாந்தீவு. நீ ஆறாந்தீவு. நீ அனுப்பாட்டி நான் தாண்டு போயிருவன் புள்ள" என்றார் காக்கா.

அன்றையிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. அனுப்பினால் கண் போய்விடும். அனுப்பாவிட்டால் காக்காவே போய்விடுவார். யாரிடம் கேட்பது? உம்மாவிடம் கேட்டால் முதுகு பழுத்துவிடும். இரண்டு நாள் அந்த ஜன்னல் பக்கமே போகாமல் திரிந்தேன். மூன்றாம் நாள் வாப்பாவின் சவரக் கண்ணாடியைச் சட்டைக்குள் ஒளித்து எடுத்துப் போனேன்.

"அனுப்புறன் காக்கா!"

உள்ளே சாக்கு விலகுகிற சத்தம். பிறகு பலகையில் டொக், டொக் என்று இரண்டு தட்டு. "வந்திட்டு!"

ஒவ்வொரு நாளும் அப்படித்தான். அனுப்பி முடித்ததும், யா அல்லாஹ், காக்காட கண்ணுக்கு ஒண்டும் ஆகக்கூடாது என்று கேட்டுக்கொண்டே ஓடுவேன். ஓடவும் விடமாட்டார். எந்தப் பக்கம் விழுகிறது, என்ன மாதிரி இருக்கிறது என்று விசாரிப்பார். என்னைச் சோதிக்கிறார் என்று நினைத்து, முட்டை மஞ்சக்கரு மாதிரி என்றெல்லாம் அளந்துவிடுவேன்.

எட்டாம் நாள் வானம் மூடிக் கிடந்தது. எனக்கு ஒரு குறும்பு. கண்ணாடியைச் சட்டைக்குள்ளேயே வைத்துக்கொண்டு, "அனுப்புறன்!" என்றேன்.

டொக், டொக். "வந்திட்டு! இண்டைக்கு நல்ல வெளிச்சம்."

எனக்கு வந்த கோபம்! நான் இத்தனை நாளும் நெஞ்சு பதறிப் பதறி அனுப்புவது, இவர் கள்ள ஆட்டம் ஆடவா?

"பொய்! நான் அனுப்பவே இல்ல. மழை இருட்டுக் கட்டியிரிக்கி. கள்ளக் காக்கா!"

உள்ளே விரல் வெடிப்பைத் தடவுகிற சத்தம் கேட்டது. "நீ அனுப்பல்லையா?" என்று கேட்டார்.

"இல்ல."

"உம்மாட்டச் சொல்லிராத புள்ள."

அடுத்த நாள் வெயில் கொளுத்தியது. இந்த முறை நான் ஏமாறத் தயாராக இல்லை. காக்காவை வெடிப்புக்கு நேரே முகத்தை வைக்கச் சொன்னேன். வைத்தார். கண்ணாடியைத் திருப்பினேன். வெளிச்சம் ஒரு கோடாக அவருடைய கண்ணிலேயே விழுந்தது. அவர் சிமிட்டவே இல்லை. எவ்வளவு வீரம் என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

"எங்க, அனுப்பு."

"அனுப்பித்தானே இரிக்கன். ஒங்கட கண்ணுலதான் நிக்கிது."

காக்கா மெதுவாகக் கையை உயர்த்திக் கன்னத்தைத் தொட்டுப் பார்த்தார். "ஓம்" என்றார். "சுடுகிது."

அவர் தோற்றுவிட்டார்! அதை என்னால் வைத்திருக்க முடியவில்லை. குசினிக்கு ஓடினேன். உம்மா தேங்காய் துருவிக்கொண்டிருந்தார்.

"உம்மா, காக்கா தோத்திட்டாரு! கண்ணுக்குள்ள வெளிச்சத்த உட்டாலும் எங்க எண்டு கேக்காரு!"

சொன்ன பிறகுதான் கண்ணாடி என் கையில் இருப்பது தெரிந்தது. உம்மா தேங்காய்ப் பாதியைக் கீழே வைத்தார். எழும்பினார். நான் ஒரே ஓட்டமாகப் போய்க் கோழிக்கூட்டுக்குப் பின்னால் குந்திக்கொண்டேன்.

அங்கிருந்தே எல்லாம் கேட்டது. ஆணியோடு சாக்குக் கிழிந்தது. ஜன்னல் இரண்டு பக்கமும் அடித்துத் திறந்தது.

"மகன், இஞ்ச பாருங்க. உம்மாவப் பாருங்க. உம்மாட கையில எத்தின விரல்?"

"ஜன்னலத் திறந்திட்டீங்களா உம்மா?" என்று கேட்டார் காக்கா.

பிறகு உம்மா போட்ட சத்தத்துக்குப் பக்கத்து வளவு ஆட்கள் வேலி பிரித்து ஓடி வந்தார்கள். கார் பிடித்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனதும், இன்னும் இரண்டு நாள் பிந்தியிருந்தால் இரண்டும் போயிருக்கும் என்று டாக்டர் ஏசியதும், இடக்கண் தப்பியதும், வலக்கண் தப்பாததும் பிறகு நடந்தவை.

அன்றைக்கு நான் பொழுது சாயும்வரை கோழிக்கூட்டுக்குப் பின்னாலேயே இருந்தேன். ஒருவரும் என்னைத் தேடி வரவில்லை. வயலிலிருந்து ஓடி வந்த வாப்பாவும் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. முதுகில் ஒரு அடிகூட விழவில்லை. உம்மாவுக்குக் கண்ணாடி விசயம் மறந்துபோய்விட்டது என்று நினைத்துக்கொண்டேன். அல்ஹம்துலில்லாஹ் என்று சொல்லிக்கொண்டு, வயிறு நிறையச் சோறு தின்றுவிட்டுப் படுத்தேன்.