குழாய்க்குப் போட்ட சைக்கிள் பூட்டு

இங்கே ஜெர்மனியில், நான் வேலை செய்யும் தொழிற்சாலையில் மத்தியானம் பன்னிரண்டு ஆனால் போதும், எதிரே வருகிறவர்கள் எல்லாம் 'மால்ட்சைட்' என்கிறார்கள். சாப்பாட்டு வேளை என்பதுதான் அந்த ஜெர்மன் சொல்லுக்கு அர்த்தம். கேன்டீனுக்குப் போகிறவனும் சொல்வான், கழிவறையிலிருந்து வருகிறவனும் சொல்வான். பதிலுக்கு நாமும் 'மால்ட்சைட்' என்று சொல்லிவிட்டு நடையைக் கட்ட வேண்டும். வந்த புதிதில் நான் நின்று நிதானமாக, இன்னும் சாப்பிடவில்லை, இன்றைக்கு உருளைக்கிழங்குதான் என்று விவரம் சொல்லிக்கொண்டிருந்தேன். யாரும் அதைக் கேட்கவே இல்லை என்று புரிய இரண்டு மாதம் பிடித்தது. நம் பக்கத்தில் "துன்னியா?" என்று ஒருவர் கேட்டால் பதில் சொல்லாமல் நகர முடியாது. இல்லை என்று சொல்லிவிட்டால் கேட்டவருக்கு வேலை வந்துவிடும்.

போன ஏப்ரலில் மூன்று நாள் அந்த 'மால்ட்சைட்' காதில் விழாமல் இருந்தால் போதும் என்று இருந்தது. ஊரில் என் அப்பா சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தார். தங்கை மஞ்சுளாதான் போன் செய்தாள். "அண்ணா, நைனா காலைலேர்ந்து ஒண்ணும் துன்னல. குழாயாண்ட சேர் போட்டுக் குந்திக்கினு கீறாரு. மாத்திரையும் போடல." அப்பாவுக்குச் சர்க்கரை. வேளைக்குச் சாப்பிடாவிட்டால் கை நடுங்க ஆரம்பித்துவிடும். கேன்டீன் வரிசையில் தட்டோடு நின்றுகொண்டிருந்த நான் தட்டைத் திரும்ப வைத்துவிட்டு வெளியே வந்தேன்.

கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டைக்குப் பின்னால் எங்கள் தெரு. அப்பா அங்கே ஒரு ரோலிங் மில்லில் முப்பது வருஷம் இரும்போடு வெந்தவர். தெருமுனையில் ஒரு கறுப்பு பிளாஸ்டிக் டேங்க், அதன் அடியில் சக்கரப் பிடி வைத்த ஒரு வால்வு. எதிரே ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட நீள லைன் வீடு. ஒடிசா, பீகார் பக்கமிருந்து வந்த பையன்கள் ஷிப்டு மாற்றி ஷிப்டு அங்கே படுத்து எழுகிறார்கள். அந்தக் கோடையில் மோட்டார் படுத்துவிட்டதால், அரைகுறையாகத்தான் தண்ணீர் ஏறியது. தெருக்காரர்கள் கூடிப் பேசி, தண்ணீர் நமக்கு மட்டும்தான், லைன் வீட்டுக்கு இல்லை என்று முடிவெடுத்தார்கள். பூட்டுகிற பொறுப்பை ஏற்றுக்கொண்டவன் என் தம்பி சேகர். காலையும் மாலையும் திறந்து தெருக்காரர்கள் பிடித்ததும் மறுபடி பூட்டுவான்.

பூட்டு நான் கொடுத்தது. முந்தின லீவுக்குப் போகும் முன் இங்கே கடையில் ஒரே மாதிரி இரண்டு சைக்கிள் பூட்டு வாங்கினேன், ஒன்று எனக்கு, ஒன்று அவனுக்கு. நம்பர் பூட்டு. மறக்கக் கூடாதென்று இரண்டிலும் அப்பாவின் மில் டோக்கன் நம்பரை வைத்தேன். நாலு, ஒன்று, ஏழு, இரண்டு. அந்தப் பூட்டின் கம்பிக்கயிறைத்தான் சேகர் வால்வுச் சக்கரத்துக்குள் விட்டுக் குழாயைச் சுற்றிக் கட்டியிருந்தான். சேகரைக் கெட்டவன் என்று நினைத்துவிடாதீர்கள். அவனுக்கு இருந்த கான்ட்ராக்ட் வேலை ஒரு நாள் இல்லாமல் போனது. அந்த இடத்தில் லைன் வீட்டுப் பையன் ஒருவன் நிற்பதை அவனே கண்ணால் பார்த்தான். அந்த எரிச்சலை முதலாளியிடம் காட்ட முடியாமல் குழாயில் காட்டினான்.

அப்பா ஒரு தடவை சொல்லிப் பார்த்திருக்கிறார். மறுநாள் பிளாஸ்டிக் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய் வால்வுக்குப் பக்கத்தில் போட்டு உட்கார்ந்துவிட்டார். பேனர் இல்லை, கோஷம் இல்லை. லைன் வீட்டுப் பையன்கள் கேன் தண்ணீர் வாங்கிக் கொடுத்தால் மட்டும் குடித்தாராம். எங்கள் வீட்டில் இது புதிதில்லை. அப்பாவுக்குக் கோபம் வந்தால் கத்த மாட்டார், கை ஓங்க மாட்டார், தட்டை நகர்த்திவிடுவார். சின்ன வயதில் அடித்துத் தொலைத்தால் தேவலை என்று நினைத்திருக்கிறேன். அடி வலித்துவிட்டுப் போய்விடும். அவர் பட்டினி கிடந்தால் நமக்குச் சோறு இறங்காது.

அவர் இதைக் கற்றது எந்தப் புத்தகத்திலும் இல்லை. அவருடைய சின்ன வயதில் எங்கள் சனம் நெல் வயலில் கூலி வேலை செய்துகொண்டிருந்தது. ஊர்க் கிணற்றில் எங்களுக்குக் கயிறு கிடையாது, யாராவது ஊற்றினால்தான் தண்ணீர். கதர்ச் சட்டை போட்ட ஒரு வாத்தியார் ஊத்துக்கோட்டை பஸ்ஸில் வந்து இறங்கி, எங்கள் ஆட்களோடு கிணற்றடியில் சாப்பிடாமல் உட்கார்ந்தாராம். மூன்றாம் நாள், தடுத்த வீட்டுக்காரரே கயிறைக் கொண்டுவந்து கையில் கொடுத்தார் என்பார் அப்பா. எனக்கு அந்தக் கதை பிடிக்காது. நம் தண்ணீருக்கு அடுத்தவன் மனசு மாறுகிற வரை நாம் ஏன் காய வேண்டும் என்று சண்டை போட்டிருக்கிறேன்.

இரண்டாம் நாள் மஞ்சுளா அழுதாள். அப்பாவுக்கு வேர்த்துக் கொட்டுகிறது, நர்ஸ் வந்து சொல்லியும் கேட்கவில்லை என்றாள். கேன்டீனில் போர்மேன் டீட்டர் என் எதிரே வந்து உட்கார்ந்து, ஏன் சாப்பிடவில்லை என்று கேட்டார். எனக்கு விரதமெல்லாம் இல்லை, தொண்டையில் இறங்கவில்லை, அவ்வளவுதான். என் ஓட்டை ஜெர்மனில், அப்பா சாப்பிடவில்லை என்றேன். அவர் முகம் வாடிவிட்டது. மறுநாள் பெரிய பையில் பிஸ்கட்டும் சாக்லேட்டும் கொண்டுவந்து, அப்பாவுக்கு அனுப்பு என்று கொடுத்தார். வீட்டில் சோறு இருக்கிறது, அவர்தான் வேண்டாமென்கிறார், தம்பிக்கு எதிராக என்று விளக்கினேன். "அப்படியென்றால் போலீசைக் கூப்பிட வேண்டியதுதானே?" என்றார். பட்டினி கிடந்தே போராடிய அந்த வட்டக் கண்ணாடிக்காரர் படத்தைப் பள்ளிக்கூடத்தில் பார்த்திருப்பதாகவும் சொன்னார். ஆனால் அப்பாவே மகனுக்கு எதிரே பட்டினி கிடப்பது அவருக்குப் பிடிபடவே இல்லை. நல்ல மனுஷர்.

அப்பா உட்கார்ந்த அந்த இரண்டாம் நாளே எனக்குப் பொறுமை போய்விட்டது. நம்பர்தான் எனக்குத் தெரியுமே. வீடியோவில் அப்பாவைக் கூப்பிட்டேன். உதடு வெடித்திருந்தது. "நைனா, நம்பர் சொல்றேன். தொறந்து உட்டுட்டு ஊட்டுக்குப் போ."

"என் டோக்கன் நம்பர்தான? தெரியும்டா."

கை நீட்டினால் எட்டும் பூட்டு, அவருடைய சொந்த நம்பர். இரண்டு நாளாக அதன் பக்கத்தில் வெயிலில் காய்ந்துகொண்டிருந்திருக்கிறார்.

"அப்ப இன்னாத்துக்குக் குந்திக்கினு கீற?"

"நான் தொறந்தா அவன் நாளைக்கு வேற பூட்டு போடுவான். நான் காவலுக்கு நிக்கணும். பூட்டுனவனே தொறந்தா காவல் வேணாம்."

"நீ துன்ற வரைக்கும் நானும் துன்னமாட்டேன்."

அவர் லேசாகச் சிரித்தார். "அங்க நீ துன்னலன்னா யாருக்குடா தெரியும்? என்னாண்ட ஏன் சொல்ற? உன் தம்பியாண்ட சொல்லு."

போனை வைத்த பிறகுதான் உறைத்தது. அப்பாவிடமும் மஞ்சுளாவிடமும் மாறி மாறிக் கெஞ்சினேனே ஒழிய, சேகரை நான் ஒரு தடவைகூடக் கூப்பிடவில்லை. பயம்தான். நீதான் வெளிநாட்டுக்குப் போய்விட்டாயே, உனக்கென்ன தெரியும் என்பான். கூப்பிட்டேன். அதையேதான் சொன்னான். "அவனுங்க வந்து எங்க பொழப்பத் துன்னுட்டானுங்க. நீ அங்க குந்திக்கினு பேசாத."

அப்போது இதுவரை வீட்டில் சொல்லாததைச் சொன்னேன். இங்கே வாடகைக்கு வீடு தேடியபோது, என் பெயரைக் கேட்டதும் ஏழெட்டு இடத்தில் வீடு இல்லையென்று போனை வைத்ததை. இவனுங்க வந்துதான் என்று லாக்கர் அறையில் என் முதுகுக்குப் பின்னால் ஒருவன் ஆரம்பித்ததை. "சேகரு, இங்க நான்தான்டா அந்த லைன் ஊட்டுக்காரன்."

அவன் போனை வைத்துவிட்டான். அதன் பிறகு நான்கு தடவை அடித்தேன், எடுக்கவில்லை.

மூன்றாம் நாள் பன்னிரண்டு மணிக்கு, டீட்டர் கொடுத்த பை மேஜைமேல் இருக்க, போன் அடித்தது. சேகர். அப்பாவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்றே நினைத்தேன்.

"அண்ணா, அந்தப் பூட்டு நம்பர் இன்னா?"

"இன்னாடா?"

"மறந்துடுச்சி. சொல்லு."

அன்றைக்குக் காலையிலும் அதே பூட்டைத் திருப்பித் திறந்து மூடியவன். பின்னால் அப்பா இருமுவது கேட்டது. நான் ஒவ்வொன்றாகச் சொன்னேன். "நாலு." "நாலு" என்றான் சத்தமாக. "ஒண்ணு." "ஒண்ணு." தெருவே கேட்கிற மாதிரி சொல்லிக்கொண்டு திருப்பினான். ரெண்டு என்றதும் கம்பிக்கயிறு குழாயில் உரசுகிற சத்தம், அப்புறம் காலிக் குடத்தில் தண்ணீர் விழுகிற சத்தம், கூடவே லைன் வீட்டுப் பையன்களின் குரல். போன் வைக்கும் முன் அப்பாவின் குரல் தூரத்தில் கேட்டது. "அவன் துன்னானான்னு கேளு." நான் துன்னேன் என்று பொய் சொல்லிவிட்டு, டீட்டரின் பிஸ்கட்டைப் பிரித்தேன்.

சாயங்காலம் சைக்கிள் கொட்டகையில், கையுறையைக் கழற்றிவிட்டு என் பூட்டைத் திருப்பினேன். நாலு, ஒன்று, ஏழு, இரண்டு. ஏப்ரலிலும் இங்கே விரல் விறைக்கிறது. இப்போதும் தினமும் அந்த நம்பரைத் திருப்பும்போது பயமாகத்தான் இருக்கிறது. அடுத்த கோடை வரும், மோட்டார் மறுபடி படுக்கும், அப்பாவுக்கு வயதாகிறது. அந்த நாற்காலியை இன்னும் யாரும் வீட்டுக்குள் எடுக்கவில்லை, வால்வுக்குப் பக்கத்திலேயே கிடக்கிறது என்கிறாள் மஞ்சுளா. என் விரல் நுனியில் நம்பர் இருக்கிறது. அந்த நாற்காலியில் போய் உட்காருகிற தூரத்தில்தான் நான் இல்லை.