கேட்டால்தான் துடக்கு

இந்த ஊரில் தபாற்காரர் மணியடிப்பதில்லை. எங்கள் கட்டடத்தின் கீழ்த்தளத்தில், குப்பைத் தொட்டிகளுக்கு மேலே, சுவரில் வரிசையாகத் தகரப் பெட்டிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர், ஒரு சின்னப் பூட்டு. தபாற்காரர் எப்படி இருப்பார் என்று பாரிசின் லாச்சப்பலுக்கு வந்து இரண்டு வருடமாகியும் எனக்குத் தெரியாது. யாழ்ப்பாணத்தில், எங்கள் ஊரில், சைக்கிள் மணி கேட்டால் எங்களுக்குக் கடிதம் என்று பக்கத்து வீட்டுக்கும் தெரிந்துவிடும். தபாற்காரர் ஒரு காலை வாசல் படலையடியில் ஊன்றிக்கொண்டு நாங்கள் உறையைக் கிழிக்கும்வரை நிற்பார். "என்னவாம் எழுதியிருக்கு?" என்று கேட்டுவிட்டுத்தான் மிதிப்பார். அங்கே வந்த கடிதத்தை வரவில்லை என்று சொல்ல யாராலும் முடியாது. இங்கே முடியும். போன ஆனி மாதத்துச் சனிக்கிழமை ஒன்றில் நான் அப்படிச் செய்தேன். அதை எழுதவேண்டும் என்று பல நாளாக நினைத்து, எழுதி, கிழித்து, இப்போது திரும்பவும் எழுதுகிறேன்.

கிழமையில் இரண்டு நாள், மகளைத் தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு, மார்க்ஸ் டோர்மோய் பக்கத்தில் ஒரு சங்கம் நடத்தும் பிரெஞ்சு வகுப்புக்குப் போய்வந்தேன். வகுப்பில் எல்லோரும் பெண்கள். எங்கள் ஆசிரியை ஒரு நாள், நகரத்தின் பழைய பகுதியை வழிகாட்டி ஒருவரோடு நடந்து பார்க்க ஒழுங்கு செய்திருப்பதாகச் சொன்னார். பிள்ளைகளைக் கூட்டிவர வேண்டாம், படிகளும் கல்தெருக்களும் அதிகம் என்றார். நான் அன்றே வரமுடியாது என்று முடிவு செய்துவிட்டேன். என் கணவர், இவர்தான் விடவில்லை. சாப்பாட்டுக்கடைக் குசினியில் வேலை செய்பவர், கூட வேலை செய்யும் ஒருவரோடு நேரம் மாற்றிக்கொண்டு வந்து நின்றார்.

"போட்டு வாரும். இந்த ஒரு அறைக்குள்ளை கிடந்து உமக்குப் பூஞ்சணம் பிடிக்கப்போகுது."

"பிள்ளை அழுதால்?"

"அழட்டும். நானும் சேந்து அழுறன். நீர் போம்."

அந்தச் சனிக்கிழமைக்காக மூன்று கிழமை காத்திருந்தேன். ஒன்றரை வயதுப் பிள்ளையை விட்டுவிட்டு ஒரு தாய் ஊர் பார்க்கப் போகலாமா என்று காத்திருந்த நாளெல்லாம் யோசித்தபடியேதான் காத்திருந்தேன். எனக்குப் போகவேண்டும் போலிருந்தது. அதற்குமேல் காரணம் இல்லை.

மதியத்துக்குமேல் ஐந்து மாடி இறங்கிக் கீழே வந்து, பழக்கத்தில் பெட்டியைத் திறந்தேன். ஒரு கடிதம். இலங்கை முத்திரை. முகவரி அப்பாவின் கையெழுத்தில் இல்லை.

என் அப்பா அரசாங்கக் கச்சேரியில் எழுதுவினைஞராக இருந்து ஓய்வு பெற்றவர். எனக்கு வந்த கடிதம் ஒவ்வொன்றின் முகவரியும் அவருடைய சாய்ந்த எழுத்தில்தான் இருக்கும். அம்மா எழுதினாலும் தங்கை எழுதினாலும் உறையை அவரிடம்தான் கொடுப்பார்கள். இது வேறு யாரோ எழுதியது, குத்தான பெரிய எழுத்து. முத்திரையில் கொழும்பு என்று இருந்தது. யாழ்ப்பாணத்துத் தபால் நம்பமுடியாத காலம். அவசரமான செய்தியென்றால் கொழும்புக்குப் போகும் யாரிடமாவது கொடுத்து அங்கே போடுவிப்பார்கள். மாசி மாதம் இவருடைய பெரியப்பா செத்த செய்தி அப்படித்தான் வந்தது, தந்தியாக அல்ல, வேறு கையெழுத்துக் கடிதமாக. படியடியில் நின்றபடியே எனக்கு விளங்கிவிட்டது. விளங்கிவிட்டது என்று நினைத்தேன்.

எங்கள் குடும்பத்தில் ஒரு கதை உண்டு. மாமா ஒருவரின் கலியாணத்தன்று, தாலி கட்டுவதற்கு அரைமணி இருக்கையில் தந்தி வந்ததாம். சாவுச் செய்தி என்றால் துடக்கு, அந்தத் தீட்டோடு கலியாணம் நடக்காது. அதை வாங்கிய பெரியவர் பிரிக்காமலே மடியில் செருகிக்கொண்டு, பந்தி முடிந்தபின் எடுத்தாராம். "கேட்டால்தான் துடக்கு. காதிலை விழாத சாவு சாவில்லை" என்றாராம். சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்கள். அவருடைய கெட்டித்தனம் என்பார்கள். அந்தக் கெட்டித்தனம் அந்தப் படியடியில் என் கைக்கு வந்தது. கடிதத்தைத் திறந்தால் திரும்ப மேலே ஏறவேண்டும். தலைமுழுகவேண்டும். பின்னேரத்துக்குள் புறநகர்களான ஸ்தேனிலிருந்தும் லா கூர்னெவிலிருந்தும் சனம் வந்து அறை நிறைந்துவிடும். மணமுடித்துக் கொடுத்த மகளுக்கு எத்தனை நாள் துடக்கு என்பதற்கு ஆளுக்கொரு கணக்குச் சொல்வார்கள். ஆனால் தகப்பன் செத்த செய்தி கேட்ட அன்றைக்கே ஊர் பார்க்கப் போகலாம் என்று எந்தக் கணக்கிலும் இல்லை. திறக்காவிட்டால், நான் இன்னும் கேட்கவில்லை. உறையை இரண்டாக மடித்துக் கைப்பைக்குள் வைத்தேன். தெருவில் இறங்கி நடந்தேன்.

சன்மிஷேல் நீரூற்றடியில் எல்லோரும் கூடினோம். வழிகாட்டி மெலிந்த இளைஞர். மழையில்லாத நாளில் ஒரு மஞ்சள் குடையை விரித்துத் தலைக்குமேல் பிடித்துக்கொண்டு முன்னே நடந்தார். நாங்கள் பதினைந்து பெண்கள் கோழிக்குஞ்சுகள் போல அதன் பின்னால் போனோம். என் பக்கத்தில் ரெஜினா அக்கா வந்தார். பாண்டிச்சேரிக்காரர், கத்தோலிக்கர், கணவர் அரசாங்க உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்றவர். பிரெஞ்சு நன்றாகப் பேசுவார், எழுதத் தெரியாது என்று வகுப்புக்கு வருகிறவர். வழிகாட்டி சொல்வதை எனக்குத் தமிழாக்கிக்கொண்டு வந்தார்.

"என்னாம்மா, கைப்பையை இப்படிக் கட்டிப் புடிச்சிருக்கே? திருடன் பாத்தான்னா உள்ள தங்கம் இருக்குன்னு நெனச்சுக்குவான்."

நான் சிரித்தேன். கையைத் தளர்த்தவில்லை.

நொத்ர் தாம் கோவிலின் முன்முற்றத்தில் நிலத்துக் கல்லில் ஒரு வெண்கல வட்டம் பதித்திருக்கிறார்கள். இந்த நாட்டின் தெருத் தூரங்களெல்லாம் அதிலிருந்துதான் அளக்கப்படுகின்றன என்றார் வழிகாட்டி. அதில் காலை வைத்தவர்கள் பாரிசுக்குத் திரும்பி வருவார்கள் என்பது நம்பிக்கையாம். ஒவ்வொருவராகக் காலை வைக்கச் செய்து, எந்த நாடு என்று கேட்டார். என் முறை வந்தது. "ஸ்ரீலங்கா" என்றேன். "ஆ, செய்லோன்! தேயிலை! சொர்க்கம்!" என்றார். நான் ஆமென்று "வுய்" என்றேன். அப்பா அம்மா அங்கேயா என்று கேட்டார். அவ்வளவு பிரெஞ்சு எனக்கு விளங்கும். "அம்மா அங்கே" என்று சொன்னேன். சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று தெரிந்தது. "அப்படியானால் அப்பா இங்கே, உங்களோடு! நல்லது, நல்லது" என்று அவர் முகம் மலர்ந்தார். திருத்துவதற்கு என்னிடம் சொல் இருக்கவில்லை. இருந்தாலும் எதைச் சொல்லித் திருத்துவது? தலையாட்டிவிட்டு வட்டத்திலிருந்து விலகினேன். கடிதத்தைத் திறக்காமலே அப்பாவை நான் என் வாயால் சாகடித்துவிட்டேன்.

கோவில் வாசலில் கால் நின்றுவிட்டது. கேட்கவில்லை என்று தெருவில் நடக்கலாம், சாமி இருக்கும் இடத்துக்குள் துடக்கோடு நுழைய முடியுமா? மற்றவர்கள் போய்விட்டார்கள். வழிகாட்டி திரும்பி வந்து, களைப்பா, தண்ணீர் வேண்டுமா என்று கேட்டார். இந்துப் பெண்கள் தேவாலயத்துக்குள் வரக்கூடாதோ என்று கூட வந்த ஆசிரியையிடம் மெல்லக் கேட்டதும் அரைகுறையாக விளங்கியது. அவர்களைச் சங்கடப்படுத்துகிறேனே என்று உள்ளே போனேன். அந்த இருட்டில் உயரத்தில் வண்ணக் கண்ணாடிகள் மட்டும் எரிவதுபோல் இருந்தன. ரெஜினா அக்கா தன் தாய்க்கும் தகப்பனுக்கும் மெழுகுதிரி ஏற்றினார். என்னிடமும் ஒன்றை நீட்டினார்.

"நீயும் ஏத்தும்மா. உங்க வீட்டுல போனவங்க யாராச்சும் இருப்பாங்க இல்ல?"

"இல்லை அக்கா. எனக்கு ஒருத்தரும் இல்லை."

"ஒருத்தருமே சாவலியா? குடுத்து வச்சவ நீ" என்று சொல்லி அதைத் தன் மாமியாருக்கு ஏற்றினார். "உசிரோட இருக்கறப்ப இவ்ளோ வெளிச்சம் நான் அவங்களுக்குக் குடுத்ததில்ல" என்று கண்ணடித்தார்.

அதன் பிறகு நடந்ததுதான் எனக்குப் பெரிய வெட்கம். நான் சந்தோசமாக இருந்தேன். ஆற்றங்கரையோரம் பழைய புத்தகக்காரர்களின் பச்சைப் பெட்டிகளைத் தாண்டி, பூச்சந்தையைத் தாண்டி, அந்தக் காலத்துச் சிறைச்சாலைக் கோபுரங்களின் கீழால் நடந்தோம். இரண்டு வருடத்தில் முதல் தடவையாக என் கைகள் இரண்டும் வெறுமையாக இருந்தன. வண்டி இல்லை, பிள்ளை இல்லை, பை இல்லை. பையை எப்போது தோளில் மாட்டினேன் என்றே தெரியாது. பொன் நெஃப் பாலத்தில் வந்து நின்றபோது நாலு மணி இருக்கும்.

"புதுப் பாலம்னு பேராம். இருக்கறதுலயே இதுதான் கெழடாம்" என்றார் ரெஜினா அக்கா. "எங்க வீட்டுக்காரரையும் புது மாப்பிள்ளைன்னுதான் கூப்பிடுவாங்க, இப்பவும்."

நான் வாய்விட்டுச் சிரித்தேன். மாலி நாட்டுப் பெண் ஒருத்தி திரும்பிப் பார்த்து, ஏன் என்று தெரியாமலே தானும் சிரித்தாள். ஆற்றில் ஒரு படகு போனது. அதிலிருந்தவர்கள் கையாட்டினார்கள். நானும் ஆட்டினேன்.

ஐந்து மணிக்கு எல்லோரும் பிரிந்தார்கள். பாலத்தின் ஓரத்தில் அரைவட்டமாகக் கல்லிருக்கைகள் இருக்கின்றன. ஒன்றில் உட்கார்ந்து, இனித் திறக்கலாம், இனி அழலாம் என்று உறையைக் கிழித்தேன்.

அப்பா சொல்லச்சொல்லச் சித்தப்பா எழுதியிருந்தார். அம்மாவின் ஒன்றுவிட்ட தங்கையின் கணவர், கொழும்பு வெள்ளவத்தையில் இருப்பவர். எனக்குக் கவலை தரக்கூடாதென்று முன்பே அறிவிக்கவில்லையாம். அப்பாவுக்குக் கொழும்பில் கண் ஒப்பரேசன் நடந்து, கட்டுப் போட்டிருக்கிறதாம். எல்லாம் சுகமாம். அவரும் அம்மாவும் சனிக்கிழமை இரவு ரயிலில் ஊருக்குத் திரும்புகிறார்களாம். திரும்பினால் டெலிபோன் வசதி இல்லை. ஆகவே சனிக்கிழமை பின்னேரம் ஏழு மணி தொடக்கம் எட்டு மணிவரை சின்னம்மா வீட்டு டெலிபோனுக்குப் பக்கத்தில் இருப்பார்கள், எப்படியும் கூப்பிடவும். இலக்கமும் திகதியும் எழுதியிருந்தது. அன்றைய திகதி. "உன் குரலையும் பேர்த்தியின் குரலையும் கேட்டால் போதும்" என்று முடிந்திருந்தது.

கொழும்பில் ஏழு மணியென்றால் இங்கே மூன்றரை. எட்டு மணியென்றால் நாலரை.

பாலத்தின் முடிவிலிருந்த தொலைபேசிக் கூண்டுக்கு ஓடினேன். மூன்றாம் தடவைதான் மணி போனது. சின்னம்மா எடுத்தார்.

"ஆர், பிள்ளையே? ஐயோ, எட்டேகால் மட்டும் பாத்திட்டு இப்பதானே ஸ்டேசனுக்குப் போகினம்! கொப்பர் அந்தக் கதிரையை விட்டு எழும்பேல்லை. தேத்தண்ணியைக்கூட இஞ்சை கொண்டாங்கோ எண்டிட்டார். மணியடிச்சால் தான்தான் எடுப்பாராம். ஆரோ ஒருத்தன் பிழையான நம்பர் அடிச்சிட்டான். இவர் கண்ணும் தெரியாமல் தட்டித்தடவி எடுத்து, அவனோடை 'பிள்ளை, பிள்ளை' எண்டு கத்துறார். கடிதம் பிந்தியே கிடைச்சது?"

"ஓம் சின்னம்மா" என்றேன். "இப்பதான் கிடைச்சது."

வீட்டுக்கு வந்து இவரிடமும் அதையே சொன்னேன். ஏறி வரும்போது பெட்டியைத் திறந்தேன், இருந்தது என்றேன். இவர் கடிதத்தை வாசித்துவிட்டுத் தலையில் கைவைத்தார். "நான் ஒருக்கால் இறங்கிப்போய்ப் பெட்டியைப் பாத்திருக்க வேணும். வீட்டிலைதானே சும்மா நிண்டனான். என்ரை பிழை" என்றார். மகள் அவர் தோளில் நித்திரையாக இருந்தாள். சில கிழமை கழித்து அம்மாவிடமிருந்து கடிதம் வந்தது. இரண்டு நாள் முந்திப் போட்டிருக்கவேண்டும், தங்கள் பிழை என்று அப்பா சொல்லிச்சொல்லிக் கவலைப்படுகிறாராம். எல்லோரும் பழியை எடுத்துக்கொண்டார்கள், எனக்கென்று ஒருவரும் மிச்சம் வைக்கவில்லை.

ஆறுதலாக இருக்கட்டும் என்று அப்பாவுக்கு நீண்ட கடிதம் எழுதினேன். அந்த நடையை முழுதாக எழுதினேன். மஞ்சள் குடை, வண்ணக் கண்ணாடி, கிழட்டுப் புதுப் பாலம், ரெஜினா அக்காவின் பகிடி. ஒன்றை மட்டும் மாற்றினேன். அடுத்த நாள், ஞாயிற்றுக்கிழமை போனதாக எழுதினேன்.

அவருடைய பதில் போன கிழமை வந்தது. முகவரி அவருடைய சாய்ந்த எழுத்தில், முன்பைவிடக் கொஞ்சம் பெரிதாக. பார்வை தெளிந்தபின் யாருடைய உதவியும் இல்லாமல் தானே வாசித்த முதற் கடிதம் என்னுடையது என்று எழுதியிருந்தார். நாலு தரம் வாசித்தாராம். தங்கையின் பழைய தேசப்படப் புத்தகத்தில் பாரிசைத் தேடினாராம், அதில் ஆறுகூடச் சரியாகத் தெரியவில்லையாம். கோவில் ஆற்றுக்கு எந்தப் பக்கம், பாலத்தில் எத்தனை வளைவு, வெயில் எப்படி என்று ஒரு பக்கம் நிறையக் கேள்விகள். படுக்கும்போது என்னோடு அந்தத் தெருக்களில் ஒரு சுற்று வருகிறாராம்.

இது அச்சில் வந்தால் இவர் வாசிப்பார். வாசிக்கட்டும். அப்பாவுக்கு இன்னும் பதில் எழுதவில்லை. அவர் அந்த ஞாயிற்றுக்கிழமைப் பாரிசில், ஆற்றங்கரையோரமாக, திருந்திய கண்ணோடு நடந்துகொண்டிருக்கிறார். பக்கத்தில் நான் வருகிறேன் என்று நினைக்கிறார். நான் அங்கே இல்லை. நான் வெள்ளவத்தையில், சனிக்கிழமை பின்னேரம், மணியடிக்காத டெலிபோனுக்கு முன்னால், கண்கட்டோடு இருக்கும் ஒரு மனிதருக்குப் பக்கத்துக் கதிரையில் இருக்கிறேன்.