கெங்கம்மா பிதுக்கிய கட்டி

கெங்கம்மா யாரிடம் பேசினாலும் முதலில் அவர்கள் கழுத்தைத்தான் பார்ப்பார். முகம் அப்புறம்தான். பால்காரர், போஸ்ட்மேன், பள்ளிவாசல் மோதினார் யாரையும் விட்டதில்லை. ராயபுரத்தில் ஒரே வாசலுக்குள் எதிரெதிர் அறைகளில் குடியிருந்ததால் பல வருஷமாக இதைக் கவனித்திருக்கிறேன்.

துறைமுகத்தில் கோதுமை மூட்டைகள் இறங்கும்போது சிந்துவதைக் கூட்டிப் புடைப்பது அவர் வேலை. மூட்டை தூக்குகிறவர்களுக்குச் சணல் உராய்ந்து கழுத்திலும் தோளிலும் ஓயாமல் கட்டி வரும். பழுத்ததும் அவரிடம் வந்து குனிந்து நிற்பார்கள். சுடுதுணியால் ஒத்தி, இரண்டு கட்டை விரலால் பிதுக்கிச் சீழை எடுத்து, மஞ்சள் அப்பி அனுப்புவார்.

"மூட்ட தூக்க சொன்னா தூக்குற, இத்துக்குப் போயி கொயந்த மாரி அழுவுறியே" என்று ஏசிக்கொண்டேதான் செய்வார்.

என் அண்ணன் மஜீதும் மூட்டை தூக்குகிறவர். அம்மா இறந்த பிறகு எங்கள் இருவருக்கும் தலை வாரிவிட்டதும் மீனில் முள் எடுத்து ஊட்டியதும் கெங்கம்மாதான். அவருக்குப் பிள்ளை இல்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்தொன்றில் அண்ணனுக்குக் கல்யாணம் நிச்சயமானது. பெண் தண்டையார்ப்பேட்டை, அஜீசுன்னிசா. நிக்காஹுக்கு முதல் நாள் காலையில் அண்ணனுக்கு மூக்கோரத்தில் சிவப்பாக ஒரு கட்டி.

"யக்கா, இத்த எட்த்துடு."

"மூஞ்சில கீதுடா. பழுக்கவும் இல்ல. ரெண்டு நாள் வுடு நைனா."

"நாளிக்கு கல்யாணத்த வச்சிகினு ரெண்டு நாள் வுட்றதா?"

"அதான் மூஞ்சி மறைய பூச்சரம் கட்டுவாங்களே. யாருக்குத் தெரியப்போவுது?"

"சரத்தத் தூக்குனப்பறம்?"

"அப்பால அவ தலையெழுத்து" என்று சிரித்துவிட்டு, அண்ணன் தலையைத் தன் மடியில் சாய்த்துப் பிதுக்கினார். சீழ் வரவில்லை. ரத்தம்தான் வந்தது. இன்னும் கொஞ்சம் அழுத்தினார்.

மறுநாள் அண்ணனுக்கு உடம்பு சுட்டது. அலைச்சல் என்றார் அப்பா. கன்னம் வீங்கியிருந்தது. சரம் மறைத்துவிடும் என்று நாங்களே சமாதானம் சொல்லிக்கொண்டோம். மல்லிகைச் சரத்தைக் கட்டிவிட்டார்கள். அதற்குப் பிறகு அவர் முகத்தை யாரும் பார்க்கவில்லை.

பந்தலில் பெண்கள் பக்கம் திரை போட்டிருந்தது. கெங்கம்மா என் பக்கத்தில் உட்கார்ந்து இடுக்கு வழியாக மாப்பிள்ளையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஹஜ்ரத் நிக்காஹ் ஓதிவைக்க உட்கார்ந்தபோது என் கையை இறுக்கிப் பிடித்தார்.

"சாபிரா, அவன் கய்த்தப் பாரு."

காதுக்குக் கீழே கழுத்து செக்கச்செவேலென்று வீங்கியிருந்தது. சரத்திலிருந்த பூவெல்லாம் நடுங்கிக்கொண்டிருந்தது. நான் வாய் திறப்பதற்குள் அவர் திரையை விலக்கி, ஆண்கள் நடுவே நடந்துபோய், சரத்தைத் தூக்கிவிட்டார். ஒரு கண் முழுக்க மூடியிருந்தது. எதிரே நிற்பது யாரென்று அண்ணனுக்குத் தெரியவில்லை.

பெண்ணின் மாமா பக்ருதீன் எழுந்து நின்று கத்தினார். "இன்னாம்மா இது? நிக்காஹ் முடியட்டும்மா!"

"முடிச்சி? பொணத்துக்கா பொண்ண குடுப்பே? வண்டிய கூப்புடுய்யா!"

ஜட்காவில் ஆஸ்பத்திரி போய்ச் சேரும்வரை அண்ணன் தலை அவர் மடியில் இருந்தது. டாக்டரிடம், "நாந்தான் சாமி பிதுக்குனேன்" என்று கெங்கம்மாவே சொன்னார்.

டாக்டர் திட்டவில்லை. இந்தக் கிருமி எல்லோர் தோலிலும் மூக்கிலும் சும்மா இருப்பதுதான், மூக்கோரத்தில் அழுத்தினால் ரத்தத்தோடு மூளைப் பக்கம் ஏறிவிடும் என்றார். பென்சிலின் ஊசி போடுகிறோம், பிழைப்பாரா என்று இப்போது சொல்ல முடியாது என்றார்.

கெங்கம்மா தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "என் தோல்லயும் கீதா?"

"என் தோலிலும் இருக்கும்மா."

காய்ச்சல் இறங்கும்வரை அவர் துறைமுகத்துக்குப் போகவில்லை. வார்டு வாசலிலேயே கிடந்தார். நான் கொண்டுபோன சோற்றைத் தொடவில்லை. ஒருநாள் சாயங்காலம் அண்ணன் கண்ணைத் திறந்து, "யக்கா, கல்யாணம் ஆயிடுச்சா?" என்று கேட்டார்.

"ஆயி ரெண்டு புள்ள கீது. எய்ந்துருடா" என்றவர், முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதார்.

அண்ணன் தேறிய பிறகு அதே பெண்ணோடு நிக்காஹ் நடந்தது. இப்போது அவருக்கு ஒரு மகள். அண்ணனின் இடது இமை மட்டும் சற்றுத் தாழ்ந்திருக்கிறது. கெங்கம்மா இன்னும் துறைமுகத்துக்குப் போகிறார். கட்டியோடு வருகிறவர்களுக்கு ஒத்தடம் கொடுக்கிறார், பிதுக்குவதில்லை. முகத்தில் கட்டி என்றால் கையோடு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய்விடுகிறார்.