மைக்குல சொன்ன சுருட்ட முடி

எங்க தெரு புவனேஸ்வரி தலயில இருக்கிறத முடின்னு சொன்னா முடியே கோவிச்சுக்கும். அது ஒரு தோப்பு. சின்னப் புள்ளயில அவுக ஊரு சித்தையன்கோட்டையில சீப்பு விக்கிறவன் இவ வீட்டு வாசல்லயே குடியிருந்தானாம், அம்புட்டு சீப்பு ஒடஞ்சிருக்கு. பள்ளிக்கூடத்துல மொத பெஞ்சுல உக்கார விட மாட்டாக. உக்காந்தா பின்னாடி இருக்க நாப்பது பேருக்கும் கரும்பலக தெரியாது. வாத்தியாரு ஒருநா கரும்பலகன்னு நெனச்சு இவ தலயிலயே கணக்கு எழுதப் போயிட்டாருன்னு நான் ஓட்டுவேன்.

"போண்ணே, ஒனக்கு வேற சோலியே இல்ல"ன்னு சிரிப்பா. சிரிச்ச கையோட முந்தானைய எடுத்துத் தலயில போட்டுக்கிருவா.

மொட்ட போட்டா அடுத்து மொளைக்கிறது நேரா மொளைக்கும்னு யாரோ சொல்லி, பழனிக்குக் கூட்டிப் போயி மூணு தடவ அடிச்சாக. மூணு தடவயும் முருகன் பழய சரக்கையே திருப்பி அனுப்பிட்டாரு. வளந்தப்பறம் வேடசந்தூரு பக்கம் நூல் மில்லுல வேல. அங்கன பறக்குற பஞ்செல்லாம் இவ தலயிலதான் வந்து எறங்கும். சாயந்தரம் மில்லு பஸ்ஸ விட்டு எறங்குனா, "ஏலே, செம்மறி ஆடு வருதுடா"ம்பாய்ங்க பயலுக.

அப்பறம் அய்யனாரக் கட்டிக்கிட்டு எங்க தெருவுக்கு வந்தா. அய்யனாரு வெங்காய மண்டியில மூட தூக்குறவன். வருசத்துக்கு ஒரு வார்த்த பேசுவான், தீவாளிக்கு ரெண்டு. அவன் அந்த முடிய ஒரு குத்தம் சொன்னதில்ல. கொழம்புல முடி கெடந்தாக்கூட அவன் கேக்க மாட்டான். யாரு முடின்னு சந்தேகமே வராதுல்ல, ஸ்பிரிங்கு மாதிரி கெடக்கும்.

பொட்டப்புள்ள பொறந்துச்சு. குலசாமி பேரு, ராமுத்தாய். நாலு வயசு. ஆத்தா தலய அப்படியே ஜெராக்ஸ் எடுத்த மாதிரி தல. அந்தப் புள்ளைக்கு ஒரு பழக்கம். ஆத்தா முடியில ஒரு சுருள விரல்ல சுத்திக்கிட்டாத்தான் தூக்கமே வரும். தாலாட்டுப் பாடுனாலும் வராது, தவில் அடிச்சாலும் வராது.

புவனேஸ்வரி இப்ப டவுன்ல ஒரு ஜவுளிக்கடையில சேல எடுத்துப் போடுறா. அங்க சூப்பர்வைசர் அம்மா ஒண்ணு, "வர்றவுக சேலையப் பாக்கணுமா, ஒன் தலையப் பாக்கணுமா? ஒழுங்கா சீவிட்டு வா"ன்னு தெனமும் சொல்லுமாம். அதக்கூடத் தாங்கிக்கிட்டா. ஒருநா ராமுத்தாய் பள்ளிக்கூடம் விட்டு வந்து, "அம்மா, என்னைய பரட்டைங்கிறாங்க"ன்னுச்சு. அன்னைக்கு இவ சோறு திங்கல.

எங்கிட்டதான் சொன்னா. "அண்ணே, நான் பட்டது என்னோட போகட்டும். மொதல்ல எனக்கு நேராக்கிப் பாக்குறேன். நல்லா இருந்தா, செத்தப் பெருசானதும் இவளுக்கும் பண்ணிர வேண்டியதுதான்."

பொருட்காட்சி போட்டிருந்த நேரம். முடிய நேராக்க இவ டவுனு பார்லருக்குப் போன அன்னைக்கு சாயந்தரம், அய்யனாரையும் புள்ளையையும் என் ஆட்டோவுலதான் பொருட்காட்சி வாசல்ல எறக்கி விட்டேன். திரும்பி வந்து பார்லர் வாசல்ல நின்னேன். ஒரு பொம்பள வந்து ஏறுச்சு.

"ஏம்மா, எறங்கு. வண்டிக்கு ஆள் வருது."

"அண்ணே, நான்தாண்ணே!"

அடி ஆத்தீ! இடியாப்பம் மாதிரி இருந்ததப் பூராம் கம்பி போட்டுத் தேச்சு சேமியா ஆக்கி விட்டிருக்காளுக. நெத்தியில இருந்து இடுப்பு வரைக்கும் தார் ரோடு மாதிரி நேரா எறங்குது.

"நெசமாவே அடையாளம் தெரியலயாண்ணே?" அம்புட்டு சந்தோசம் அவளுக்கு. "தண்ணி மட்டும் படக்கூடாதாம். பட்டா பழையபடி சுருண்டுக்குமாம். நீயும் பொருட்காட்சிக்குள்ள வாண்ணே, டெல்லி அப்பளம் வாங்கித் தாரேன்."

உள்ள போனா, அய்யனாரு அப்பளக் கடைக்கு முன்னாடி நிக்கிறான். ரெண்டு கையிலயும் ரெண்டு அப்பளம், ஒவ்வொண்ணும் மாட்டுவண்டிச் சக்கரம் தண்டி. புள்ளயக் காணோம்.

"இப்பதான இங்கன நின்னுச்சு"ங்கிறான். அந்த வருசத்துக்கான வார்த்த அம்புட்டும் அதுலயே தீந்துபோச்சு.

அவன் கேட்டுப் பக்கம் ஓடுனான். வீட்டுக்கே ஒரே போனு, அது அவன் சட்டப் பையில. என் போனு சார்ஜு செத்துக் கெடக்கு. நானும் இவளும் ராட்டினம், மரணக்கெணறு, பேய் வீடு ஒண்ணு விடாம ஓடுறோம். "ராமுத்தாயீ! ராமுத்தாயீ!"ன்னு இவ போட்ட சத்தம் சிறுமலை உச்சிக்குக் கேட்டிருக்கும். தொண்ட கட்டி, கடேசியில காத்துதான் வருது. மை கரஞ்சு மூஞ்சி பூராம் ஓடுது.

அப்பத்தான் மைக்கு பேசுச்சு.

"ராமுத்தாய் என்கிற நான்கு வயதுக் குழந்தை இங்கே இருக்கிறது. அம்மா பேரு அம்மாவாம். அப்பா பேரு 'ஏங்க'வாம். அடையாளம், அம்மாவுக்கு தலை நிறையச் சுருட்ட முடி."

கூட்டமே சிரிக்குது. இவ அழுதுக்கிட்டே ஓடுறா.

மைக்கு கூடாரத்துல அருள்நாதன்னு ஒருத்தரு, சட்டையில வாலண்டியர் பட்ட குத்தியிருக்காரு. கலெக்டருக்கே கையெழுத்துப் போடக் கத்துக் குடுத்த மாதிரி உக்காந்திருக்காரு. பக்கத்து நாற்காலியில நம்ம சீமாட்டி. புள்ள கைய ஒரு பொம்பள புடிச்சிருக்கு. அந்தப் பொம்பளைக்குத் தல பூராம் சுருட்ட! எனக்குப் புரிஞ்சு போச்சு. புள்ள அந்தத் தலையப் பாத்து ஆத்தான்னு நெனச்சுப் பின்னாடியே போயிருக்கு.

அந்தப் பொம்பள பேரு தீபாவாம். "என் சேலையப் புடிச்சுக்கிட்டு கட கடையா வந்துச்சுங்க. திரும்பிப் பாத்தேன். 'நீ யாரு?'ன்னு என்னையவே கேக்குது"ங்குது.

"எம்புள்ள சார்..." புவனேஸ்வரிக்குக் காத்துதான் வருது.

அருள்நாதன் மேலயும் கீழயும் பாத்தாரு. "சுருட்ட முடின்னு சொல்லியிருக்கு. ஒங்களுக்கு ஸ்கேலு வச்சு அடிச்ச மாதிரில்ல இருக்கு? பாப்பா, இது ஒங்கம்மாவா?"

புள்ள பாத்துச்சு. கருப்பு மை ஓடுன மூஞ்சி, தொங்குற முடி, கட்டுன தொண்ட. பேய் வீட்டுல இருந்து ஆளு வெளிய வந்துருச்சுன்னு நெனச்சிருக்கும். தீபா சேலைக்குள்ள போயி ஒளிஞ்சுக்கிட்டு, "எங்கம்மா இல்ல"ன்னுச்சு.

புவனேஸ்வரி அப்படியே நின்னுட்டா. நான் எத்தனையோ கேலி பண்ணிருக்கேன், அவ மூஞ்சி அப்படி ஆகி நான் பாத்ததில்ல.

"சார், இவதான் ஆத்தா, நான் சாட்சி"ன்னேன்.

"நீங்க யாரு?"

"ஆட்டோக்காரன் சார்."

"அப்பச் சுத்தமா நம்ப முடியாது. அவுக அப்பா வரட்டும்."

கூடாரத்து ஓரமா குடிதண்ணி டிரம்மு இருந்துச்சு. புவனேஸ்வரி விறுவிறுன்னு போனா. மக்கு நெறைய மோந்தா. தலயில ஊத்துனா. இன்னொண்ணு. இன்னொண்ணு. அருள்நாதன், "ஏம்மா, அது குடிக்கிற தண்ணி!"ன்னு கத்துறாரு. யாரு கேட்டா?

ரெண்டு கையாலயும் உலுப்பி விட்டா பாருங்க. மொதல்ல காதோரம் ஒண்ணு சுருண்டுச்சு. அப்பறம் நெத்தியில ஒண்ணு. அப்பறம் ஒண்ணொண்ணா, வாத்தியாரு பேரு வாசிச்ச மாதிரி, "உள்ளேன் ஐயா, உள்ளேன் ஐயா"ன்னு எந்திரிச்சு நிக்குது!

புள்ள சேலைக்குள்ள இருந்து எட்டிப் பாத்துச்சு.

"அம்மா!"

ஓடி வந்து இடுப்புல ஏறி, ஈர முடியில விரல விட்டுச் சுத்திக்கிருச்சு. புவனேஸ்வரி அப்படியே தரையில உக்காந்துட்டா. அழுறா, சிரிக்கிறா, தண்ணி சொட்டுது. எனக்கும் கண்ணுல என்னமோ விழுந்துருச்சு, அப்பளத் தூளா இருக்கும்.

அருள்நாதன் மைக்க எடுத்தாரு. "சுருட்ட முடி அம்மா கிடைத்துவிட்டார். அடையாளம் சரிபார்க்கப்பட்டது!" ராட்டினத்துல தொங்குனவன் வரைக்கும் கை தட்டுறான். அய்யனாரு மூச்சு வாங்க வந்து நிக்கிறான், ரெண்டு அப்பளத்தையும் இன்னும் கையில புடிச்சிருக்கான். புள்ள, "ஏங்க, எனக்கு ஒண்ணு"ன்னு கைய நீட்டுது.

தீபா குனிஞ்சு, "அக்கா, ஒங்களுக்கு என்ன எண்ண ஒத்துக்குது?"ன்னு கேட்டுச்சு. அரமணி நேரம் ரெண்டு பேரும் எண்ணக் கதையே பேசுனாளுக. திரும்பி வாரப்ப இவ தலயில முந்தானையே இல்ல. காத்துல பறந்த முடி என் மூஞ்சியில அடிச்சு, பஸ் ஸ்டாண்டு எங்கன இருக்குன்னே தெரியாம ஓட்டுனேன்.

சூப்பர்வைசர் அம்மா மறுநாளும் ஆரம்பிச்சுச்சாம். "மேடம், இது என் அடையாளம். இத மாத்துனா எம்புள்ளைய எங்கிட்டயே தர மாட்டாங்குறாக"ன்னு சொல்லிட்டு, அடுத்த சேலைய எடுத்து விரிச்சிருக்கா.

பள்ளிக்கூடத்துலயும் ஒரு பய மறுபடி "பரட்ட"ன்னிருக்கான். நம்ம ராமுத்தாய் இடுப்புல கைய வச்சுக்கிட்டு கேட்டுச்சாம்.

"எங்கம்மா முடிய மைக்குல சொன்னாங்க. ஒங்கம்மா முடிய சொன்னாங்களாடா?"