நாலாவது தேசிக்காய்

எங்கள் ஊர்ப் பெண்கள் ஐஸ் ஹொக்கி அணிக்கு முதன்முதலாகச் சம்பளம் கிடைத்த பருவம் அது. அந்த லீக்கே புதிது. அதுவரை பகலில் பல் வைத்தியரிடமும் பாலர் பாடசாலையிலும் வேலை பார்த்துவிட்டு மாலையில் வந்து விளையாடிய பிள்ளைகள்தான் அவர்கள்.

எனக்கும் அதுதான் முதல் பருவம். இக்காஸ்ட் நகரில் நான் வேலைசெய்த துணித் தொழிற்சாலை மூடப்பட்டதும், கொம்யூன்காரர், அதாவது டெனிஷ் நகரசபையார், என்னை ஐஸ் மண்டபத்துக்கு அனுப்பினார்கள். மூன்று மாதம் தற்காலிகம், பிடித்திருந்தால் நிரந்தரம். ஐம்பத்து நான்கு வயதில் இன்னொரு கதவைத் தட்ட எனக்குத் தெம்பில்லை. அந்த வேலை எனக்கு வேண்டும். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், வேண்டும்.

ஆட்டத்துக்கு முன்னும் இடைவேளைகளிலும் ஒரு பெரிய இயந்திரத்தை ஓட்டி, பனித்தளத்தைச் சுரண்டி, சுடுநீர் விட்டு வழவழப்பாக்குவதுதான் வேலை. பனிக்கு ஏன் சுடுநீர் என்று என் மனைவி இன்றுவரை கேட்கிறாள்.

முதல் ஆட்டத்தன்று காலை புத்தம்புது இயந்திரம் வந்திறங்கியது. மனைவிக்குத் தொலைபேசியில் பெருமையாகச் சொன்னேன்.

"நாலு சில்லுக்கும் தேசிக்காய் வைக்காமல் ஏறிடாதேங்கோ," என்றாள்.

"இது கார் இல்லையப்பா, ஐஸ் மெசின்."

"சில்லு இருக்கோ?"

"ஓம், இருக்கு."

"அப்ப வாகனம்தான்."

அவளோடு வாதாடி வென்றவர் எவரும் இல்லை. மதியம் கடைக்குப் போய்ப் பச்சை எலுமிச்சையாகப் பார்த்து நாலு தேசிக்காய் வாங்கினேன். ஆனால் மண்டப மேலாளர் இயந்திரத்தைவிட்டு நகர்ந்தால்தானே! அவர் பழைய ஹொக்கிக்காரி. மூக்கு இரண்டு இடத்தில் வளைந்திருக்கும். ஆட்டம் தொடங்க இருபது நிமிடம் இருக்கும்போதுதான் அவருக்கு ஒரு அழைப்பு வந்தது. அவர் அந்தப் பக்கம் திரும்பியதும் பனித்தளத்தின் வாசலிலேயே நாலு சில்லுக்கு முன்னாலும் நாலையும் வைத்தேன். ஏறினேன், கண்ணை மூடினேன், ஓட்டினேன். மாப்பிள்ளை ஊர்வலம் மாதிரி மெதுவாகச் சுற்றி வந்தேன்.

திரும்பி வந்து பொறுக்கினால் மூன்றுதான் நசுங்கிக் கிடந்தன.

வழுக்காமல் இருக்க அந்தச் சில்லுகளில் ஆணி வைத்திருப்பார்கள். நாலாவது அதில் குத்துப்பட்டு என்னோடு ஊர்வலம் வந்திருக்கிறது. பிறகு எங்கேயோ பின்னால் தெறித்து, நான் விட்ட சுடுநீரில் விழுந்து உறைந்தும் போய்விட்டது. கண்ணாடித் தடுப்பு வழியாகத் தேடினேன். எதிரணியின் கோலுக்கு முன்னால் பச்சையாக ஒரு சிறு மேடு! அதற்குள் விளையாட இறங்கிவிட்டார்கள்.

சொல்லியிருக்கலாம். சொன்னால் வேலை போகும். இடைவேளையில் சுரண்டி எடுத்துவிடலாம் என்று வாயை மூடிக்கொண்டு நின்றேன்.

பத்தாவது நிமிடத்தில் எங்கள் அணித் தலைவி ஒரு அடி அடித்தாள். அடி என்று சொல்வதே பாவம். ஒரு ஆட்டுக்குட்டிகூட மறித்திருக்கும். கறுப்பு ரப்பர் வட்டு சோம்பலாக வழுக்கிப் போய், பச்சை மேட்டில் முட்டி, துள்ளி, குனிந்து நின்ற கோல்காரியின் தோளுக்கு மேலால் உள்ளே விழுந்தது. மண்டபமே எழும்பிக் கூத்தாடியது. நடுவர் பனியைக் கிளறி எதையோ எடுத்து, மூக்கருகே வைத்து மணந்து பார்த்தார். கோல் கோல்தான் என்று தீர்ப்பாகி, அந்த ஒன்றாலேயே வென்றோம்.

ஆட்டம் முடிந்ததும் மேலாளர் கூப்பிட்டார். மேசையில் கடதாசித் துண்டின்மேல் நசுங்கிய தேசிக்காய். இனி மறைக்க என்ன இருக்கிறது? எனக்குத் தெரிந்த டெனிஷ் முழுவதையும் செலவழித்து எங்கள் வழக்கத்தைச் சொன்னேன்.

"நாங்கள் வெல்ல வேண்டும் என்று வைத்தாயா?"

ஓம் என்றால் அது களவாட்டம்.

"இல்லை. இயந்திரத்துக்கு ஒன்றும் ஆகிவிடக்கூடாது என்று."

"உனக்கு முன் இருந்தவன் ஒரு நாளாவது எண்ணெய் பார்த்ததில்லை. நீ இதற்குப் பழம் வாங்கி வந்திருக்கிறாய்," என்றார். மேசை லாச்சியைத் திறந்து என்னுடைய நிரந்தர வேலைக் கடதாசியை எடுத்துக் கையெழுத்திட்டார். "இனிமேல் வெளியே, கார் நிறுத்துமிடத்தில் வை."

நல்ல பிள்ளை மாதிரித் தலையாட்டினேன். பனித்தள வாசலில் கண்ணை மூடியபோது நான் உண்மையில் என்ன கேட்டேன் என்று அவருக்கு எப்படிச் சொல்வது? "பிள்ளையாரே, மெசின் எக்கேடு கெட்டாலும் பரவாயில்லை, என்ர வேலை நிலைக்கவேணும்."