நீலக்கரை கட்டிய பீர்க்கு

கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் மொட்டை நோகாமல் பிடித்திருந்தன. மறுகை ஈர வாழைநாரை அதன் நுனியில் ஒரு சுற்றுச் சுற்றி முடிச்சிட்டது. இறுக்கினால் இதழ் அழுகிவிடும். தளர்ந்தால் பூச்சி உள்ளே நுழைந்துவிடும். மொட்டுக்குக் கீழே சுண்டுவிரல் நீளத்தில் பிஞ்சு. பெரிய காயில் இருக்கிற பத்து நரம்பும் அதில் இப்போதே இருந்தன. கைகள் அடுத்த கணுவுக்கு நகர்ந்தன. அங்கே கொத்தில் நின்ற ஆண்மொட்டுகளில் மறுநாளைக்கு உரியதை விட்டுவிட்டு, இன்றைக்கு விரியப்போவதை மட்டும் தேடிக் கட்டின.

"அதுக்குத் தாலி கட்டறயா, அம்மிணி?" என்று பந்தலுக்கு வெளியே கயிற்றுக் கட்டிலில் இருந்து குரல் வந்தது.

"காவல் கட்டறேனுங்க. கல்யாணம் பொழுது சாயத்தான்."

"எனக்கு இத்தன பக்குவம் ஒரு நாளும் பாத்ததில்ல."

"நீங்க கசந்தாலும் ஊட்டுக்குள்ளயே போச்சுங்க. இது அப்பிடியில்ல."

கட்டிலில் இருந்தவர் சென்னியப்பன். கட்டிக்கொண்டிருந்தவள் அவர் மனைவி துளசிமணி. தாராபுரத்துக்குக் கிழக்கே, கிளுவை வேலி போட்ட ஒன்றரை ஏக்கர் காட்டில், அந்தத் தையில் ஊன்றிய ஒன்பது கொடிகளை மட்டும் அவள் வளர்த்தாள். பந்தலில் நாற்பது கொடிக்கு இடம் இருந்தது.

சூரியன் இறங்கியதும் மற்றக் கொடிகளைப் போல இல்லாமல் பீர்க்கு விழித்துக்கொள்ளும். பூசணி காலையில் பூக்கும். பீர்க்கு மாலையில்தான் மஞ்சளை விரிக்கும். அந்த நேரத்துக்கு அவள் நாரை அவிழ்த்தாள். ஆண்பூவைக் கிள்ளி, இதழை உரித்துவிட்டு, மிச்சத்தைப் பெண்பூவின் நடுவில் மெல்லத் தடவினாள். உடனே பெண்பூவை மறுபடி கட்டினாள். காம்பில் வெள்ளை நூல் ஒன்று போட்டாள். நூல் போட்ட காய் விதைக்கு. நூல் இல்லாதது குழம்புக்கு.

இந்த வேலையை அவளுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. ஒரு தப்புதான் சொல்லிக் கொடுத்தது.

ஒன்பது வருஷத்துக்கு முன் சென்னியப்பன் தென்னை மரத்திலிருந்து விழுந்தார். இடுப்பு எலும்பு கூடுவதற்கு ஏழு மாதம் படுக்கை. அடுத்த காட்டு மயிலாத்தாள் தினமும் ஒரு தூக்குப் போசியோடு வேலியைத் தாண்டி வருவாள். காரம் இல்லாமல் பாசிப்பருப்பில் கடைந்த பீர்க்கங்காய்; படுத்தே கிடக்கிற வயிற்றுக்கு வேறெதுவும் ஒத்துக்கொள்ளவில்லை. முதுகு வேர்த்துப் புண்ணானபோது பீர்க்கிலையை அரைத்து அவளே பூசிவிட்டாள். காய் சீவியதில் தோல் மிஞ்சினால் துவையல் அரைத்து, "இது உனக்கு, அவனுக்கில்ல" என்று துளசிமணி கையில் வைப்பாள். ஆவணியில் தன் பந்தலில் பாதியை விட்டுக்கொடுத்து, இரண்டு விதைக்காயும் தந்தாள். அது மயிலாத்தாள் பிறந்த வீட்டிலிருந்து கொண்டுவந்த ரகம். முழ நீளம், வளைந்தாலும் நார் பிடிக்காது, கசப்பு என்பதே கிடையாது. அந்தப் பந்தல்தான் அந்த வருஷம் அவர்கள் அடுப்பை எரியவிட்டது. "எங்க ஊட்டு உசுரு உங்க கொடியில தொங்குனதுங்கக்கா" என்று துளசிமணி சொல்லாத பொங்கல் இல்லை.

போன வருஷம் மயிலாத்தாள் மகள் பேறுகாலத்துக்காக ஈரோடு போய் மூன்று மாதம் தங்கினாள். திரும்பி வந்தபோது பரணில் தொங்கிய விதைக்காய்களை எலி காலி செய்திருந்தது. துளசிமணி கிணற்றில் தண்ணீர் இல்லாமல் அந்த ஆடிக்கு விதைப்பதாக இல்லை. தன்னிடம் இருந்த ஏழு விதைக்காயையும் தூக்கிக் கொடுத்தாள். கடன் தீர்ந்த மாதிரி நெஞ்சு லேசாக இருந்தது.

புரட்டாசியில் மயிலாத்தாள் ஒரு காயோடு வந்து அவள் முன்னால் வைத்தாள்.

"நாக்குல வெச்சுப் பாரு, அம்மிணி."

துளசிமணி நுனியைக் கிள்ளி வாயில் வைத்தாள். கசப்பு தாங்காமல் உடனே துப்பினாள்.

"எல்லாக் கொடியும் இல்ல. மூணுல ஒண்ணு. ஆனா மூட்டைக்குள்ள எது எதுன்னு யாரு பிரிக்கறது? சந்தைக்குப் போன நாலு மூட்டையும் திரும்பி வந்துருச்சு."

"ஒவ்வொரு காயையும் கிள்ளிப் பாத்துத்தானுங்கக்கா வெதைக்கு உட்டேன்."

"பாத்திருப்ப. உன்னத் தெரியாதா எனக்கு? உன்ர மேல ஒண்ணுமில்ல. எங்காயி ஊட்டு வெதை என்னோட முடியணும்னு இருக்குது, முடிஞ்சுது. இனி நான் பீர்க்கு போடலை."

திட்டியிருந்தால் பரவாயில்லை. மறுநாள் வேலிக்கு அப்பால் பச்சைக் கொடிகள் பிடுங்கிக் குவிக்கப்பட்டதைப் பார்த்தபோது துளசிமணிக்குச் சோறு இறங்கவில்லை. கிள்ளிப் பார்த்த காய் இனித்தது. அதன் விதை எப்படிக் கசந்தது?

பதிலை ஆட்டுப்பட்டி சொன்னது. அவர்களுடைய வெள்ளை வெள்ளாடு கரிக்கட்டை போல ஒரு குட்டி போட்டது.

"தெக்காலக் காட்டுக் கடா வேலி தாண்டியிருக்குது" என்றார் சென்னியப்பன்.

"நமக்குத் தெரியாமயே போச்சே. தாய் நல்ல வெள்ளைதானுங்களே."

"அதுக்கு? போன மாசம் வரைக்கும் அது பாலத்தான குடிச்ச. அதுல குட்டி நெறம் தெரிஞ்சுதா?"

அவள் கையில் இருந்த தழைக்கட்டு அப்படியே நின்றது. திரும்பி வேலியைப் பார்த்தாள். கிளுவை மேல் பேய்ப்பீர்க்கு அடர்ந்து படர்ந்திருந்தது. இரண்டு மழைக்காலத்துக்கு முன் தானாக முளைத்தது. கைக்கடக்கமான காய், வாயில் வைக்க முடியாத கசப்பு. ஆட்டுப் புண்ணுக்கு இலை ஆகும் என்று சென்னியப்பன் வெட்டவிடவில்லை. அவளும் மருந்துக்கொடி என்று விட்டுவைத்தாள். அதுவும் மாலையில் பூக்கும். அதே மஞ்சள். அதிலிருந்து புறப்பட்ட பூச்சி பந்தலுக்கு வராமல் எங்கே போகும்? அவள் நாக்கில் வைத்தது தாயின் காயை. விதைக்குள் இருந்த தகப்பனை நாக்கு எப்படி அறியும்?

அரிவாளை எடுத்துக்கொண்டு போனாள்.

"ஆட்டுக்குப் புண்ணு வந்தா?"

"வேப்பெண்ணெ இருக்குதுங்க."

"எனக்கு வந்தா?"

"அதையேதான் பூசுவேன். பேசாம இருங்க."

கொடியை வேரோடு பிடுங்கியாகிவிட்டது. ஆனால் விதை? சமையல்கட்டுப் புகையில் ஒரு காய் கருத்துப்போய்த் தொங்குவது பத்து நாள் கழித்துத்தான் அவள் கண்ணில் பட்டது. காம்பில் நீலக்கரைத் துணி. ஆழ்குழாய்க் கிணறு போட்ட வருஷம் கிழிந்த சேலையிலிருந்து அப்போதே எடுத்துக் கட்டியது அது. வேலியில் கசப்புக்கொடி முளைத்தது அதற்கு அடுத்த வருஷம். உடைத்தாள். வண்டு தின்றது போக இருபத்தொரு விதை தேறியது. தையில் ஊன்றியதில் ஒன்பது முளைத்தன.

கணக்குச் சரிதான் என்று மனது சொன்னாலும் கை நம்பவில்லை. ஒவ்வொரு கொடியிலும் முதல் காயைத் தானே கிள்ளிப் பார்த்தாள். எட்டுக் கொடி இனித்தது. ஒன்பதாவது கொடி பிஞ்சைப் பிஞ்சாக உதிர்த்துக்கொண்டே பங்குனி பாதி வரை இழுத்தது. ஒருவழியாகக் காய்த்தபோது அவள் கிள்ளிய துண்டைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள்.

"குடு இங்க" என்று சென்னியப்பன் வாங்கி மென்றார். முகத்தைக் கோணினார். அவளுக்கு உயிர் போய்விட்டது.

"உப்பில்லாம என்னத்தத் திங்கறது?" என்றார்.

அன்றைக்கு அவருக்குச் சோறு கொஞ்சம் தாமதமாகத்தான் கிடைத்தது.

நூல் போடாத காய்களைப் பருப்போடு கடைந்தாள். தோலை வதக்கி, மிளகாயும் உளுந்தும் புளியும் வைத்துத் துவையல் அரைத்து, ஒரு கிண்ணத்தில் மயிலாத்தாள் வீட்டுக்குக் கொண்டுபோனாள். "வெச்சுட்டுப் போ" என்றாள் மயிலாத்தாள், உரலைக் கழுவிக்கொண்டே. மறுநாள் கிண்ணம் கழுவி வந்தது. வெறும் கிண்ணமாக வரக் கூடாது என்று அதில் முருங்கைக்கீரை. தின்றாளா, ஆட்டுக்கு வைத்தாளா என்று கீரை சொல்லவில்லை.

வெள்ளை நூல் போட்ட காய்கள் பதினொன்று. அவை கொடியிலேயே முற்றி, மஞ்சளாகி, தோல் காகிதமாகி, காற்றடித்தால் உள்ளே சலசலத்தன. வைகாசிக் கடைசியில் அறுத்து, அடுப்புக்கு மேலே புகையில் கட்டினாள். ஆனி முடிய இரண்டு நாள் இருக்கும்போது எல்லாவற்றையும் இறக்கி, நன்றாக விளைந்த நான்கைத் தேர்ந்தெடுத்தாள். பழைய நீலக்கரையையே கிழித்துக் காம்பில் கட்டினாள். விதைக்காயை உடைக்காமல் கொடுப்பதுதான் அந்தப் பக்கத்து வழக்கம். நுனி மூடியைத் திறக்கிற உரிமை வாங்குகிறவருக்கு.

மயிலாத்தாள் வாசலில் புளி தட்டிக்கொண்டிருந்தாள். கொட்டையைத் தனியாக, சுளையைத் தனியாக. நிமிர்ந்து காய்களைப் பார்த்தாள். மறுபடி புளியைப் பார்த்தாள்.

"பூவுக்குப் பூ நானே கட்டி வெச்சதுங்கக்கா. எந்தப் பூச்சியும் தொடலீங்க. வேலியில இருந்ததையும் புடுங்கிட்டேன்."

"கேட்டேன். சாயங்காலமானா அவ பூவோட பேசறான்னு உன்ர ஊட்டுக்காரன் ஊரெல்லாம் சொல்லிட்டான்."

"நீங்க போடலீன்னாலும் சரிங்க. ஆனா இது உங்க ஊட்டுது. உங்களுக்குத் தெரியாம என்கிட்ட இருக்கக் கூடாது."

மயிலாத்தாள் ஒரு சுளையைத் தட்டி முடித்தாள்.

"அன்னைக்குத் தொவையல்ல புளி ஒரு சுளை அதிகம்" என்றாள்.

துளசிமணி அவள் எதிரே குந்தினாள்.

"ஆடி பதினெட்டுக்கு ஊனணும்னா பந்தக்கம்பி இழுக்கணும். உன்னால வர முடியுமா?"

"நாளைக்கே வர்றேனுங்க."

மயிலாத்தாள் புளி ஒட்டிய விரல்களை முந்தானையில் துடைத்து, இரண்டு கையையும் நீட்டினாள். துளசிமணி காய்களை ஒருமுறை ஆட்டினாள். நான்கும் சலசலத்தன. பிறகு அந்தக் கைகளில் வைத்தாள்.