இந்தப் படத்தில் அவள் சாகவில்லை

இன்று நோர்வேயில் நான் குடியிருக்கும் ட்வெய்ட்டாவிலிருந்து நகரத்துக்குப் போய், என் தங்கையின் மகள் நடித்த பிரெஞ்சுப் படத்தைப் பார்த்தேன். சிறிய அரங்கு, பாதி இருக்கைகள் வெறுமை. சுயாதீன சினிமா என்றால் அப்படித்தானாம்.

பாரிஸில் பிறந்து வளர்ந்த அவள், இதற்குமுன் நடித்த ஒவ்வொரு படத்திலும் செத்திருக்கிறாள். நம் முகங்களுக்கு அங்குள்ள இயக்குநர்கள் வேறு முடிவு எழுதுவதில்லை. உயிரோடிருக்கும் பிள்ளையைப் பிணமாகப் பார்க்கக் கூடாது என்று என் தங்கை ஒரு படத்தையும் பார்த்ததில்லை. "சாகாத படம் ஒண்டிலை நடிக்கட்டும், முதல் ஆளாப் போய் இருக்கிறன்" என்றே சொல்லிவந்தாள்.

இந்தப் படத்தில் அவள் கடைசிவரை உயிரோடு இருக்கிறாள்.

படம் முடிந்து, திரையிடலுக்காகப் பாரிஸிலிருந்து வந்திருந்த அவளோடு வெளியே வந்தபோது ஒரு நோர்வேக்காரர் அவள் கையைக் குலுக்கி, "போன படத்தில் அழகாக இறந்தீர்கள்" என்று பாராட்டினார். அவளும் நன்றி சொன்னாள்.

அவர் போனதும், "இப்பிடிச் சாகாத படத்தைத்தானடி கொம்மா கேட்டவள்" என்றேன்.

"ஓம் பெரியம்மா. படம் வர முந்தியே அம்மா போயிட்டா."

"அதுக்காக நடிப்பை விட்டிடாதை."

"விடேல்லை. அடுத்த படத்திலை முதல் காட்சியிலேயே சாகிறன். இனி ஆர் பார்க்கமாட்டன் எண்டு சொல்லப்போகினம்?"

பல்கலைக்கழகத்தில் தர்க்கம் படித்தவள் நான். ஆனாலும் அவள் கேள்வியை இங்கே உங்களிடம் கொண்டுவந்திருக்கிறேன்.

உங்களிடம் பதில் இருந்தால் கீழே எழுதுங்கள். ஆறுதல் மட்டும் வேண்டாம். செத்தவீட்டிலேயே அது மிஞ்சிப்போயிற்று.